கோயிலுக்குள் காப்பி கேட்டவர்

அவர் வாயைத் திறப்பதற்கு முன்பே என் விரல் திருச்சி என்று தட்டிவிட்டது. கைப்பழக்கம்தான், வேறென்ன? பர் துபாயில், மீனா பஜாரை ஒட்டிய சந்தில், தையல்கடைக்கும் வளையல்கடைக்கும் நடுவில் இருக்கும் எங்கள் டிராவல்ஸ் கவுண்டரில் பதினாறு வருடமாக உட்கார்ந்திருக்கிறேன். ஞாயிற்றுக்கிழமை மதியம், இஸ்திரி மடிப்புக் கலையாத சட்டையோடு, பாஸ்போர்ட்டை பிளாஸ்டிக் கவருக்குள் போட்டுக் கையில் பிடித்தபடி ஒருவர் கண்ணாடிக் கதவைத் தள்ளிக்கொண்டு வந்தால், அவர் ஏதோ ஒரு லேபர் கேம்ப்பிலிருந்து வருகிறார், ஊருக்கு டிக்கெட் போடப் போகிறார் என்று அர்த்தம். முகம் நம்ம முகமாக இருந்தால் திருச்சி. பெரும்பாலும் தப்பாது. "திருச்சிதானேண்ணே? எத்தனாம் தேதி போடட்டும்?" என்றேன், திரையிலிருந்து கண்ணை எடுக்காமல். "இல்லங்க மேடம். ஜப்பானு!" என்றார். சொன்னார் என்பது குறைத்துச் சொல்வது. பக்கத்துக் கவுண்டரில் விசா பாரம் நிரப்பிக்கொண்டிருந்த பெண் பேனாவைக் கீழே போட்டுவிட்டாள். "ஜப்பானு. கோயில் பாக்க. வாசக் கதவுல ஒட்டியிருக்கீகளே, அந்த டூரு."

அவரை நான் சிக்னல் அண்ணன் என்றுதான் கூப்பிடுவேன். அறந்தாங்கிப் பக்கத்துக்காரர், ஐம்பதைத் தாண்டியவர். அல் கூஸில் ஒரு கேம்ப்பில், எட்டுப் பேர் இருக்கும் ரூமில், மேல்கட்டில் அவருடையது. கட்டடம் எழும்பும் சைட்டில் கிரேனுக்கு சிக்னல் கொடுப்பது அவர் வேலை. கிரேன் ஓட்டுகிறவர் எங்கேயோ உயரத்தில் கண்ணாடிக் கூண்டுக்குள் இருப்பார். கம்பிக்கட்டு எந்த இடத்தில் இறங்குகிறது என்று அவருக்குத் தெரியாது. தரையில் நின்று வாக்கிடாக்கியில் பேசிப் பேசி அதை இறக்கிவைப்பவர்தான் சிக்னல்மேன். ஜெனரேட்டர் பக்கத்திலும் டிரில்லிங் மெஷின் பக்கத்திலும் இருபத்திரண்டு வருடம் நின்றதில் அண்ணனின் இரண்டு காதும் மந்தமாகிவிட்டிருந்தன. தன் பேச்சு தனக்கே கேட்க வேண்டும் என்பதற்காகச் சத்தமாகப் பேசிப் பழகியவர். அவர் ரகசியம் சொன்னால் தெருமுனை வரை கேட்கும். அப்படிப்பட்டவர் வந்து கேட்டது எங்கள் ஆபீஸ் வருடத்துக்கு ஒரு தடவை நடத்தும் 'அமைதி நடை' என்ற டூரை! ஜப்பானின் பழைய கோயில்களை ஐந்து நாள் காலாற நடந்து, பேச்சைக் குறைத்து, மெதுவாகப் பார்த்துவிட்டு வரும் ஏற்பாடு அது. நான்தான் அதற்கு டூர் லீடர். அன்றைக்குச் சிரிப்பை அடக்க நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும். அந்தச் சிரிப்புக்காக என்மேல் எனக்கு இன்னும் கோபம் இருக்கிறது.

வளைகுடாவில் லீவு என்ற சொல்லுக்கு ஒரே ஒரு பொருள்தான் உண்டு. ஊருக்குப் போவது. ஒருவர் "லீவுல போறேன்" என்றால் எங்கே என்று யாரும் கேட்பதில்லை. ஆபீஸில் உட்கார்ந்து வேலை செய்கிறவர்கள் வெக்கேஷன் போவார்கள், ஜார்ஜியா, பாலி, சுவிட்சர்லாந்து என்று. கேம்ப்பில் இருப்பவர்கள் லீவு போவார்கள், திருச்சிக்கும் மதுரைக்கும். இந்த வித்தியாசத்தை யார் சட்டமாக எழுதிவைத்தார்கள்? ஒருத்தரும் எழுதவில்லை. ஆனால் நான் உட்பட எல்லோரும் அதன்படிதான் நடந்தோம். அண்ணன் தன் கம்பெனியில் லீவு பாரத்தில் போகுமிடம் என்ற கட்டத்தில் ஜப்பான் என்று எழுதிக்கொடுத்திருக்கிறார். ஆபீஸ் கிளார்க் ஏதோ பிழை என்று நினைத்து அதை அடித்துவிட்டு இந்தியா என்று திருத்திவிட்டாராம். அண்ணன் புதுப் பாரம் வாங்கி மறுபடியும் ஜப்பான் என்று எழுதினார். விசாவுக்குக் கம்பெனிக் கடிதம் வேண்டும். அதை மூன்று வாரம் இழுத்தடித்தார்கள். "'உனக்கு எதுக்குய்யா ஜப்பான்'னு மேனேஜர் கேட்டாரு மேடம். 'ஏன் சார், ஜப்பான்காரன் இங்க வந்து பாலம் கட்டலாம், நான் அங்க போயிக் கோயில் பாக்கக் கூடாதா'ன்னேன். மறுநாளே கடுதாசி வந்துருச்சு."

வீட்டில் என்ன சொன்னார்கள் என்று நான் கேட்டேன். கேட்டது தப்புத்தான். பாலிக்குப் போகிற எந்த மேனேஜரிடமும் அப்படிக் கேட்டதில்லை. அவர் தப்பாக எடுத்துக்கொள்ளவில்லை. "அவளா? 'ரெண்டு வருசத்துக்கு ஒருக்கா வாரீக. வந்தா வர்ற போற சனத்துக்கெல்லாம் ஆக்கிப் போட்டு ஓஞ்சு போறேன். ஒரு தடவையாச்சும் அங்கிட்டுப் போங்க, நானும் எங்க அக்கா வீட்ல போயிப் பத்து நாளு காலை நீட்டிப் படுக்குறேன்'னா." இரண்டு பெண்களைக் கட்டிக்கொடுத்தாயிற்று, பையன் கோயம்புத்தூரில் வேலைக்குப் போகிறான். சரி, ஜப்பான் ஏன்? சைட் ஆபீஸ் கண்டெய்னரில் ஒரு ஜப்பான் காலண்டர் தொங்கியதாம். மாதத்துக்கு ஒரு கோயில் படம். டீ வாங்கப் போகும்போதெல்லாம் அதையே பார்த்துக்கொண்டு நின்றிருக்கிறார். "பன்னண்டு படத்துலயும் ஒரு ஆள் இல்ல மேடம். ரூம்ல எட்டு பேரு, பஸ்ல அறுபது பேரு, மெஸ்ல முன்னூறு பேரு. ஆளே இல்லாத எடம்னு ஒண்ணு ஒலகத்துல இருக்குன்னு அந்தக் காலண்டரப் பாத்துத்தான் எனக்குத் தெரிஞ்சுச்சு." பெயரைப் பதிந்துகொண்டேன்.

நவம்பரில் கிளம்பினோம். என்னையும் அண்ணனையும் தவிர்த்துப் பதினோரு பேர். எல்லோரும் துபாயில் நல்ல நிலையில் இருக்கிற தமிழ்க் குடும்பங்கள். அவர்களுக்குத் தலைவர் மாதிரி ஓர் ஆடிட்டர் சார், மனைவியோடும் கல்லூரி போகும் பையனோடும் வந்திருந்தார். கியோட்டோவில் எங்களுக்கு வாய்த்த வழிகாட்டி அறுபது வயது ஜப்பானிய அம்மா. அவர் பேசினால் காற்றுக்கூடக் கலையாது. சட்டைக் காலரில் சின்ன மைக் ஒன்றைக் குத்திக்கொண்டு எளிய ஆங்கிலத்தில் முணுமுணுப்பார். எங்கள் எல்லோர் காதிலும் ஒரு சின்னக் கருவி, அதில் அவர் குரல் வரும். அண்ணன் குரங்குக் குல்லாவைத் தூக்கிவிட்டு, காதில் கருவியைச் செருகி, சத்தத்தை முழுசாகத் திருகி வைத்துக்கொண்டார். அவருடைய கருவியிலிருந்து கசிந்த குரல் பத்தடி தள்ளி நின்ற எனக்கே கேட்டது. "மெதுவாக, இடதுபக்கம் வாருங்கள்" என்றார் வழிகாட்டி அம்மா. "ஸ்லோலி லெஃப்ட், காப்பி!" என்றார் அண்ணன். தேவதாரு மரங்களுக்கு நடுவில் மூடுபனி நின்றுகொண்டிருந்த அந்த விடிகாலையில் அது எப்படி ஒலித்திருக்கும் என்று நீங்களே நினைத்துப் பாருங்கள். "படியில் கவனம்." "ஸ்டெப்பு, காப்பி!" ஆடிட்டர் சாரின் மனைவி என் பக்கம் குனிந்து, "ஏம்மா, அந்த மனுஷருக்குக் காலைல யாரும் காப்பி குடுக்கலியா? கோயிலுக்குள்ள வந்து காப்பி காப்பின்னு கேட்டுண்டே இருக்காரே, பாவம்" என்றார்.

அது குடிக்கிற காப்பி இல்லை, வாக்கிடாக்கிப் பழக்கம். ஒருவர் சொன்னது மற்றவருக்கு விழுந்தது என்பதற்கு அந்த ஒற்றை வார்த்தைதான் சாட்சி. அதைச் சொல்லாமல் விட்டால் சைட்டில் ஆள் காலி. அதைவிடப் பெரிய வேடிக்கை இன்னொன்று. வழிகாட்டி அம்மா பேச்சை நிறுத்தினால் அண்ணனும் நின்றுவிடுவார், நட்ட கம்பம் போல. குறுகலான மரத்தாழ்வாரத்தில் அவர் பின்னால் வந்த நான்கு பேர் ஒருவர்மேல் ஒருவர் மோதிக்கொண்டார்கள். என்னண்ணே இது என்று கேட்டதற்குச் சொன்னார்: "எறக்கும்போது நான் 'டவுன், டவுன், டவுன்'னு சொல்லிக்கிட்டே இருக்கணும்மா. நான் வாய மூடினா மேல இருக்கவன் அப்படியே நிறுத்திப்புடணும். பேச்சு நின்னா கொக்கி நிக்கணும். இந்தம்மா பொசுக்குப் பொசுக்குன்னு வாய மூடுது. எனக்குக் கால் நகர மாட்டேங்குது." எங்களுக்கெல்லாம் மௌனம் ஒரு சுகம், அதற்காகத்தான் வந்திருந்தோம். அவருக்கு அது ஆபத்தின் அறிவிப்பு. இதை அவர் சொன்ன நிமிடத்தில் எனக்குச் சிரிப்பு போயிற்று. இரண்டாம் நாள் அவரே முயன்று பார்த்தார். உதட்டை இறுக்கி மூடிக்கொண்டு, காப்பிக்குப் பதில் தலையை மட்டும் ஆட்டினார். கருவியின் சத்தத்தைக் குறைத்தார். குறைத்தால் ஒன்றும் கேட்கவில்லை, கூட்டம் திரும்பிய இடத்தில் திரும்பாமல் நேரே போய் ஒரு மூங்கில் வேலிக்குப் பின்னால் காணாமல் போனார். தேடிப் பிடித்து நானே சத்தத்தைக் கூட்டிவிட்டேன்.

மூன்றாம் நாள் வேறொன்று நடந்தது. பெரிய கோயில் ஒன்றின் முன்னால் ஊதுபத்திப் புகை கிளம்பும் வெண்கலக் கொப்பரை இருந்தது. அண்ணன் இரண்டு கையாலும் புகையை அள்ளிக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். அதைப் பார்த்து ஆடிட்டர் சாரின் மனைவியும் ஒற்றிக்கொண்டார். எனக்கு மனசு நிறைந்தது. அடுத்த நிமிடம் அந்த அம்மா செருப்பு மாட்டக் குனிந்தபோது, கைப்பையையும் குடையையும் திரும்பிக்கூடப் பார்க்காமல் அண்ணன் பக்கம் நீட்டினார். "கொஞ்சம் பிடிங்கோ." வன்மம் ஒன்றும் இல்லை. துபாயில் கேம்ப் ஆள் தோற்றத்தில் ஒருவர் பக்கத்தில் நின்றால் கை தானாக நீளும். என் விரல் திருச்சியைத் தட்டிய மாதிரிதான். அண்ணன் கையை நீட்டவில்லை. "நான் லீவுல இருக்கேங்க" என்றார். கோபமில்லாமல், ஆனால் அந்த வளாகம் முழுக்கக் கேட்கும்படி. அந்த அம்மா முகம் சிவந்துபோய் அப்படியே நின்றார். ஆடிட்டர் சார் வந்து பையை வாங்கிக்கொண்டு என்னை ஒரு பார்வை பார்த்தார். பச்சைப்பாசித் தோட்டத்தில் நடந்த மீதி நேரம் முழுவதும் அந்தப் பார்வை என் முதுகில் இருந்தது.

நான்காம் நாள் சாயங்காலம் ஹோட்டல் லாபியில் ஆடிட்டர் சார் என்னை உட்காரவைத்துப் பேசினார். மரியாதையாகத்தான் பேசினார், அதுதான் எரிச்சல். "அவர் நல்ல மனுஷன்தாம்மா, நான் இல்லேன்னு சொல்லல. ஆனா நாம எதுக்கு வந்திருக்கோம்? நாளைக்குக் கடைசிக் கோயில், கல் தோட்டம். அங்கயாவது நிம்மதியா உக்கார விடுங்க. அவர ஹோட்டல்லயே இருக்கச் சொல்லிடுங்க. எல்லார்கிட்டயும் பேசிட்டேன், எல்லாரும் அதான் சொல்றா. இல்லேன்னா நான் உங்க ஆபீஸுக்கு எழுதவேண்டி வரும்." ஆபீஸுக்கு எழுதுவது என்றால் என்ன என்று எனக்குத் தெரியும், அவருக்கும் தெரியும். என் விசா அந்த ஆபீஸ் விசா. என் மகளுடைய விசா என் விசாவில் தொங்குகிறது. பள்ளி நடுவருடத்தில் மூட்டையைக் கட்டிக்கொண்டு ஊருக்குப் போன குடும்பங்களுக்கு நானே டிக்கெட் போட்டிருக்கிறேன். அதனால் சரி சார் என்று எழுந்தேன். சொல்லவே கூசுகிறது, ஆனால் எழுந்தேன்.

அண்ணன் தன் ரூமில் மறுநாள் சட்டையை இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தார். இருபத்திரண்டு வருடத்தில் அவர் தனியாகப் படுத்த முதல் ரூம் அது. குறட்டைச் சத்தம் இல்லாமல் தூக்கம் பிடிக்கவில்லை என்று முதல் நாளே குறைப்பட்டுக்கொண்டவர். நான் கதவருகே நின்று, சுற்றி வளைத்து, "நாளைக்கு ரொம்ப நடை இருக்காதுண்ணே, நீங்க வேணா ரெஸ்ட் எடுத்துக்கோங்களேன், எல்லாருக்கும் அது..." என்று இழுத்தேன். அவர் காதருகே கையைக் குவித்துக் கேட்டார். இந்தக் கேவலத்தை நான் மறுபடியும் சத்தமாகச் சொல்லவேண்டியிருந்தது. அவருக்குப் புரிந்துவிட்டது. இஸ்திரிப்பெட்டியை நிமிர்த்தி வைத்தார். "ஏம்மா, கிரேன்ல ஒரு சட்டம் இருக்கு. ஏத்துறது எறக்குறதெல்லாம் சிக்னல்மேன் ஒருத்தன்தான் சொல்லணும். ஆனா ஸ்டாப்பு மட்டும் சைட்ல எவன் வேணாலும் சொல்லலாம். டீ ஊத்துறவன் சொன்னாக்கூட நிறுத்திப்புடணும். ஆனா சொன்னவன் ஒளியக்கூடாது. முன்னால வந்து நிக்கணும், நான்தான் சொன்னேன், இதுக்காகச் சொன்னேன்னு." அதுவரை நீங்க, வாங்க என்று பேசியவர் அப்போது மாறினார். "அவுக சொல்றாக இவுக சொல்றாகன்னு எங்கிட்ட சொல்லாத. நீ சொல்றியா ஸ்டாப்பு? உன் வாயால சொல்லு. நான் நிக்கிறேன்."

சொல்ல எவ்வளவு நேரமாகும்? ஒரு வார்த்தை. என் மகள் முகம் வந்தது, எங்கள் ஆபீஸ் மேனேஜர் முகம் வந்தது. அவர் என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார். அவர் கேட்டதில் ஒரு தப்பும் இல்லை. நான் சொல்ல வந்ததற்கு ஒரு காரணமும் என்னிடம் இல்லை. அவருடைய குரல் மற்றவர்களைவிடப் பெரியது என்பது ஒரு காரணமா? அந்தக் குரல் எங்கே பெரிதானது? நாங்கள் குடியிருக்கும் கட்டடங்களை எழுப்பிய இடத்தில்தானே? "காலைல ஆறரைக்கு லாபிக்கு வந்துருங்கண்ணே" என்றேன், சத்தமாக. "காப்பி" என்றார் அவர், இஸ்திரிப்பெட்டியை மறுபடி எடுத்தபடி. லிஃப்ட்டுக்குள் போய் நின்று கொஞ்சம் அழுதேன். கீழே போய் ஆடிட்டர் சாரிடம், "அவரும் வர்றார் சார். நான்தான் வரச் சொல்லியிருக்கேன்" என்றேன். அவர் போனை எடுத்துக்கொண்டு நகர்ந்தார்.

கல் தோட்டம் என்பது பார்க்க ஒன்றுமே இல்லாத இடம். சீப்பால் வாரியது போலக் கோடு இழுத்த வெள்ளைச் சரளை, அதில் அங்கங்கே சில கற்கள், சுற்றி மண்சுவர். மரத்தாழ்வாரத்தில் வரிசையாக உட்கார்ந்து பார்க்கவேண்டும், அவ்வளவுதான். எங்களோடு இன்னும் இருபது பேர் இருந்தார்கள். வழிகாட்டி அம்மா இனிக் கொஞ்ச நேரம் தான் பேசப்போவதில்லை என்று சொல்லி மைக்கை அணைத்தார். அண்ணன் காதிலிருந்து கருவியைக் கழற்றிச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டார். குல்லாவையும் கழற்றினார். சம்மணம் போட்டு, முழங்கால்மேல் கையை வைத்து உட்கார்ந்தவர் அசையவில்லை. ஆடிட்டர் சாரின் போன் இரண்டு தடவை உறுமியது. அவர் மனைவி மிட்டாய்க் காகிதம் பிரித்தார். பையன் கொட்டாவி விட்டான். அண்ணன் மட்டும் ஆளில்லாத அந்த வெள்ளைத் தரையையே பார்த்துக்கொண்டிருந்தார். வெயில் மண்சுவர் ஏறி வந்து சரளையில் விழுந்தது. அப்போதுதான் அவர் என் பக்கம் திரும்பிச் சொன்னார். "நல்லா இருக்கும்மா!"

தாழ்வாரமே திரும்பியது. யாரோ 'உஷ்' என்றார்கள். ஆடிட்டர் சார் கண்ணை மூடித் தலையை ஆட்டினார், பார்த்தாயா என்பது போல. டூர் லீடருக்கென்று ஒரு சைகை உண்டு. விரலை உதட்டில் வைத்து, கண்ணால் கெஞ்சுவது. என் கை பாதி தூரம் மேலே போய்விட்டது. அவர் என் விரலைப் பார்த்தார். முகத்தில் அந்தச் சந்தோஷம் மெல்ல அடங்கத் தொடங்குவதை நான் பார்த்தேன். இருபத்திரண்டு வருடத்தில் தனக்கென்று போட்ட ஒரே லீவு அது. பார்த்தது நன்றாக இருக்கிறது என்று சொல்ல அவருக்கு அங்கே என்னைத் தவிர யார் இருந்தார்கள்? கையைக் கீழே போட்டேன். "ஆமாண்ணே! ரொம்ப நல்லா இருக்கு!" என்றேன், அடிவயிற்றிலிருந்து. "என்னது?" என்றார் அவர், காதருகே கையைக் குவித்து. "ரொம்ப நல்லா இருக்குன்னு சொன்னேன்!" என்று கத்தினேன். சுவர் மேலிருந்த காக்கை பறந்து போயிற்று. "அதான் நானும் சொல்றேன்!" என்றார் அண்ணன். வழிகாட்டி அம்மா எழுந்து மற்றவர்களைப் பார்த்து ஒரு தடவை குனிந்து மன்னிப்புக் கேட்டுவிட்டு, வாயைக் கையால் பொத்திக்கொண்டு உட்கார்ந்தார். அது சிரிப்பா சங்கடமா என்று எனக்குத் தெரியாது. அமைதி தேடி வந்த அந்த இருபது பேருக்கு நான் செய்தது தொந்தரவுதான், ஒப்புக்கொள்கிறேன். இன்னொரு தடவை நேர்ந்தாலும் அதையேதான் செய்வேன்.

ஆடிட்டர் சார் சொன்னபடி எழுதினார். ஆபீஸ் என்னை அந்த டூரிலிருந்து எடுத்துவிட்டது. இப்போது அதை வேறொரு பெண் நடத்துகிறாள், நான் முழுநேரமும் கவுண்டரில்தான். வேலை போகவில்லை, ஆனால் ஒரு மாதம் ஒவ்வொரு நாளும் போய்விடும் என்றே நினைத்து எழுந்தேன். அண்ணன் போன வருடம் கணக்கு முடித்துக்கொண்டு ஊருக்குப் போய்விட்டார். மாதம் ஒரு தடவை போன் பண்ணுவார். போனைக் காதிலிருந்து ஒரு முழம் தள்ளி வைத்துத்தான் பேசுவேன். கவுண்டரில் இருப்பவர்களுக்கெல்லாம் அவர் வீட்டு நிலவரம் அத்துப்படி. ஆபீஸில் என்னிடம் விளக்கக் கடிதம் கேட்ட நாளைப் பற்றி மட்டும் அவரிடம் சொன்னதில்லை.

அன்று மேனேஜர் கடிதத்தை அவரே டைப் பண்ணிக் கொண்டுவந்து நீட்டினார். குழுவின் அமைதியைக் குலைத்ததற்காக மனப்பூர்வமாக வருந்துகிறேன், இனி இப்படி நேராது, கீழே என் பெயர், கையெழுத்துக்கு இடம். "ஒரு சைன்தானே, போட்டுட்டுப் போ, கலாஸ், அதோட முடிஞ்சுது" என்றார். மனிதர் கெட்டவர் இல்லை, எனக்கு உதவத்தான் பார்த்தார். அந்தத் தாளைத் திருப்பி, வெறுமையாக இருந்த பின்பக்கத்தில் பேனாவால் எழுதி, கையெழுத்துப் போட்டு அவர் மேஜையில் வைத்தேன். இரண்டே வரி. எங்கள் பயணி ஒருவர் என்னிடம் பேசினார். அவருக்குக் கேட்கும்படி பதில் சொன்னேன்.